மீட்டர் பின்னோக்கி ஓடிய மாதம்

சக்கரம் இடமிருந்து வலமாகச் சுற்ற வேண்டும்.
எனக்குத் தெரிந்த இயற்பியல் அவ்வளவுதான்.
மலைமேல் வானாய்வுக் கூடத்து மீட்டரில் அது
வலமிருந்து இடமாக,
அவசரமே இல்லாமல் சுற்றிக்கொண்டிருந்தது.
போன மாதம் 7,418.
இந்த மாதம் 7,391.

சோவியத்து போனபின் இரண்டாவது குளிர்காலம்.
ஊருக்கே நாளுக்கு இரண்டு மணி நேர மின்சாரம்.
ரொட்டி வரிசையில்
முன்னால் நிற்பவரின் முதுகைப் பார்த்தே
மணி சொல்லப் பழகியிருந்தோம்.
இந்த நிலையில் ஒருத்தி
வாரியத்துக்கு மின்சாரம் திருப்பித் தருகிறாள் என்றால்
அது திருட்டாகத்தான் இருக்க வேண்டும்.
துண்டிக்க இடுக்கியோடு ஏறினேன்.

லாமாரா க்விட்சியானி
மூன்று ஸ்வெட்டர் போட்டிருந்தாள்.
"பூட்ஸைத் துடைத்துவிட்டு வாருங்கள்,
அதற்குத் தூசி ஆகாது."

வண்டிச் சக்கரம் அளவுக்கு ஓர் உருளை.
அதில் முடியைவிட மெல்லிய கண்ணாடி நூல்,
குட்டாய்சி போய்த் திரும்பும் தூரத்துக்கு.
நூலுக்குள் வெளிச்சம்
செக்குமாடு போலச் சுற்றிச் சுற்றி.
"எங்கேயும் போய்ச் சேராத ஒளிக்கு
வயதாவதில்லை" என்றாள்.
தலையாட்டினேன்.
துண்டிக்கப்போகும் வீடுகளில்
எதற்கும் தலையாட்டுவது என் வழக்கம்.

பித்தளைக் குமிழை ஒரு மயிரிழை திருப்பினாள்.
பால்நிறத் தகட்டில்
இந்தக் கூடத்தின் வாசல் தெரிந்தது.
படியில் ஓர் ஆள்.
தொப்பியைக் கழற்றுகிறான், தலையைக் கையால் வாருகிறான்,
மூடிய கதவிடம் ஏதோ சொல்லிப் பார்க்கிறான்.
முகத்தை இன்னும் கொஞ்சம் இறுக்கிக்கொண்டு
மறுபடி சொல்கிறான்.

சத்தமில்லை.
"ஒலி வராது. அது காற்றோடு போனது போனதுதான்."

பதினோரு நிமிடத்துக்கு முந்தைய என்னை
அன்றைக்குத்தான் பார்த்தேன்.
இப்படியா வந்து நிற்கிறேன்
முந்நூற்று நாற்பது வாசலிலும்?

"பார்ப்பது சுலபம்,
திருப்பி ஊற்றுவதுதான் செலவு" என்றாள்.
கோடை முழுக்கச் சேர்த்தும்
இருப்பு நான்கு நொடி.
அமைச்சகத்துக்கு எழுதினாளாம்;
அமைச்சகம் இப்போது எந்தத் தெருவிலோ.
"மீட்டர் பொய் சொல்லவில்லை.
அது ஜூலையின் கணக்கு.
ஜூலையை உங்கள் வாரியத்துக்குத் தெரியாது."

எங்கே ஊற்றலாம் என்று என்னைக் கேட்டாள்.
ஆஸ்பத்திரி என்று சொல்லியிருக்கலாம்.
நான்கு நொடியில் ஆஸ்பத்திரி என்ன செய்யும்?
ஜன்னல் வழியே ஊரைக் காட்டினேன், மொத்தமாக.
ஏழு மணிக்கு, என்றேன். அப்போது வீட்டில் இருப்பேன்.
இடுக்கி பைக்குள்ளேயே இருந்தது.

பேரேட்டில் கழித்தல் குறிக்குக் கட்டமில்லை.
7,418 என்றே மீண்டும் எழுதி
உபயோகம்: இல்லை என்று கையெழுத்திட்டேன்.

ஏழு மணி.
சியாலா மெழுகுவர்த்தி அருகில்
ஊசிக்காதைத் தேடிக்கொண்டிருந்தாள்,
நூல்முனையை நாலாவது முறையாக எச்சில்படுத்தி.

வந்தது பல்பு வெளிச்சமல்ல.
நடுப்பகல்.
பனி படிந்த கண்ணாடி தாண்டி
எங்கள் சுவரில் பீச் மரத்து நிழல்,
இலையோடு, காயோடு.
ஒரு கிளை லேசாக ஆடியது.
குளவி இல்லாமல் ஒரு குளவியின் நிழல்
கடிகாரத்தைக் கடந்து போனது.

வெளியே அந்த மரம் இல்லை.
நவம்பரில் நான்தான் வெட்டினேன்.
அதன் கடைசித் துண்டு
அடுப்பில் பாதி எரிந்து கிடந்தது.

பிறகு பழைய இருட்டு.
தெருவில் யாரோ கைதட்டினார்கள்.
மேல்வீட்டுக்காரர் வழக்கம்போல
வாரியத்தின் தாயைத் திட்டினார்.

"என்ன அது?"
"லைனில் கோளாறு" என்றேன்.
"வெயில் மாதிரிச் சுட்டதே"
என்று முழங்கையைத் தடவிக்கொண்டாள்.
அவள் சுவரைப் பார்த்தாளா, தெரியவில்லை.
நூல் கோத்தாகிவிட்டது.
என் சட்டையை மடியில் இழுத்துப் போட்டு
தடவித் தடவி
பொத்தான் தைக்கத் தொடங்கினாள்.